இசக்கிமுத்து எப்படி சர்நேம் ஆனார்? நெல்லைப் பெயர்களுக்குள் ஒரு ரவுண்ட்!

'இசக்கி'ன்னு ஒருத்தர் சென்னையிலோ பெங்களூரிலோ தன்னை அறிமுகப்படுத்திக்கிட்டா, அடுத்த கேள்வி பெரும்பாலும் "திருநெல்வேலியா?" என்பதாகத்தான் இருக்கும். தூத்துக்குடியாகவோ தென்காசியாகவோ நாகர்கோவிலாகவோகூட இருக்கலாம். ஆனா, அந்தத் தென்கோடிப் பக்கம்தான் என்பதில் கேட்கிறவருக்குச் சந்தேகமே வராது. சுடலைமுத்து, பேச்சியம்மாள், நெல்லையப்பன், காந்திமதி... இவையெல்லாம் வெறும் பேர் இல்லை, பாதி அட்ரஸ்.

இந்தப் பேர்களை இப்போ எல்.கே.ஜி அட்டெண்டன்ஸில் தேடித்தான் பிடிக்கணும். அங்கே 'ஷ்'ஷில் முடிகிற பேர்களின் ஆட்சி நடக்குது. நியூமராலஜிக்காக இங்கிலீஷ் ஸ்பெல்லிங்கில் ஒரு எழுத்து கூடியிருக்கும், அவ்வளவுதான் வித்தியாசம். அந்தப் பெற்றோரைக் கலாய்க்க இந்தக் கட்டுரை இல்லை. அவங்க ஏன் பழைய பேரை விட்டு ஓடுறாங்க என்பதற்கு நியாயமான ஒரு காரணம் இருக்கு. அதுக்கு முன்னாடி, விட்டுட்டு ஓடுறது என்னன்னு பார்த்துடலாம்.

பொதிகை மலையில் இறங்கி ஆற்றோடு அப்படியே நடந்து வந்தா, பேர்களும் கூடவே வரும். பாபநாசத்தில் அம்மன் உலகம்மை. அதனால் அந்தச் சுற்று வட்டாரத்தில் வீட்டுக்கு வீடு உலகம்மாள், உலகநாதன். கொஞ்சம் தள்ளித் தென்காசி, குற்றாலம் பக்கம் ஒதுங்கினா காசிவிஸ்வநாதன், குற்றாலலிங்கம். சங்கரன்கோவில் பக்கம் போனா கோமதி, சங்கரநாராயணன்.

திருநெல்வேலி டவுனுக்கு வந்தா நெல்லையப்பன். சாமி நைவேத்தியத்துக்குக் காயவெச்ச நெல்லு மழையில் நனையாம வேலி போட்டுக் காப்பாத்தினார் சிவன் என்கிறது கோயில் கதை. அந்த நெல்லும் வேலியும்தான் ஊர்ப் பேரு. ஊர்ப் பேரில் இருந்து சாமிக்குப் பேரு, சாமியிடம் இருந்து மனுஷனுக்கு.

இன்னும் கிழக்கே போனா, ஆற்றின் இரண்டு கரையிலும் நவதிருப்பதி. ஒன்பது பெருமாள் கோயில்கள். அந்தப் பெருமாள்களின் பேரைக் கேளுங்க. திருக்கோளூரில் வைத்தமாநிதி. பெருங்குளத்தில் மாயக்கூத்தன். திருப்புளிங்குடியில் காய்சினவேந்தன். தென்திருப்பேரையில் மகரநெடுங்குழைக்காதன். மகர மீன் வடிவத்தில் நீண்ட குழை போட்ட காது! வைத்தமாநிதி என்று பேர் வெச்ச தாத்தாக்கள் அந்தப் பக்கம் இருந்திருக்காங்க. 'யுனிக்கா ஒரு பேரு சொல்லுங்க' என்று கூகுளில் தேடுற யாரும் இந்த லிஸ்ட்டைப் பார்த்ததே இல்லை போல.

கோயில் கோபுரம் இல்லாத சாமிகள் இன்னொரு பக்கம். சுடுகாட்டுச் சாமி என்பதால் சுடலை. அதில் இருந்து சுடலைமுத்து, சுடலையாண்டி, சுடலைமணி. இசக்கி என்பது 'இயக்கி', வடமொழியில் யட்சி. கையில் குழந்தையோடு நிற்கிற அந்த அம்மன்கிட்ட பிள்ளை வரம் கேட்டு, மண்ணில் செஞ்ச குழந்தை பொம்மையை நேர்ந்து வைப்பாங்க. அப்படிப் பிறந்த பிள்ளைக்கு இசக்கின்னு வைக்காம வேற என்ன வைக்கிறது? காரையாறு காட்டுக்குள் இருக்கிற சொரிமுத்து அய்யனார் கோயிலுக்கு ஆடி அமாவாசைக்குப் போனவங்களுக்கு, சொரிமுத்து, பூதத்தான் என்ற பேர்கள் எங்கிருந்து வருதுன்னு சொல்லத் தேவையில்லை.

இதில் 'முத்து' என்ற ஒட்டைக் கவனிச்சீங்களா? தாமிரபரணி கடலில் சேரும் இடத்துக்குப் பக்கத்தில்தான் கொற்கை. பாண்டியர்களின் துறைமுகம், அதன் முத்துக்குளிப்பு பற்றி கிரேக்கக் கடலோடிகளே எழுதி வெச்சிருக்காங்க. அந்த முத்து மதம் பார்க்கலை. சுடலைமுத்து இந்து, ஞானமுத்து கிறிஸ்தவர், முத்து மீரான் முஸ்லிம். 'பிச்சை'யும் அப்படித்தான். சாமி போட்ட பிச்சையா இந்தப் பிள்ளை கிடைச்சுது என்பதுதான் அர்த்தம். பிச்சையா, தேவபிச்சை, மைதீன் பிச்சை என்று மூணு மதத்திலும் இருக்கும். கடையம் பக்கத்துப் பொட்டல்புதூர் தர்கா, முகைதீன் ஆண்டவர் பேரில் 1674-ல் கட்டப்பட்டது. மைதீன் என்ற பேர் இந்தப் பக்கம் இவ்வளவு கேட்கிறதுக்கு அந்த முகைதீன் ஆண்டவர்தான் காரணம்.

பேரை வீட்டுக்குள் யார் கூப்பிடுறாங்க என்பது தனிக்கதை. 'பேரன்' என்ற சொல்லே 'பெயரன்'தான். தாத்தா பேரைத் தாங்குறவன் பேரன், பாட்டி பேரைத் தாங்குறவள் பேத்தி. ஆனா மாமனார் பேரை மருமக வாயால் சொல்லக் கூடாதே! அதனால், பெத்த பிள்ளையையே 'ஐயா', 'ராசா'ன்னுதான் அம்மா கூப்பிடுவாங்க. ரேஷன் கார்டில் ஒரு பேரு, தெருவில் ஒரு பேரு என்று நெல்லையில் பலர் இரட்டைப் பேரோடு வளர்ந்தது இப்படித்தான்.

சரி, இவ்வளவு அழகான பேரை ஏன் விடுறாங்க?

1929-ல் செங்கல்பட்டில் நடந்த முதல் சுயமரியாதை மாநாடு, பேருக்குப் பின்னாடி வரும் சாதிப் பட்டத்தை விடணும்னு தீர்மானம் போட்டது. தமிழ்நாட்டில் அது பெரிய அளவில் நடந்தும் போச்சு. வட இந்தியாவில் சர்நேம் கேட்டு சாதி தெரிஞ்சுக்கிறாங்க. இங்கே இனிஷியல் மட்டும்தான். ஆனா வால் போன பிறகும் மோப்பம் பிடிக்கிற மூக்கு போகலை. "தம்பி, எந்த ஊரு? எந்தத் தெரு? குலசாமி எது?" கடைசிக் கேள்விக்குப் பதில், சில பேரில் ஏற்கெனவே எழுதியிருக்கு. சுடலையும் இசக்கியும் பல சாதிக்காரங்களுக்குக் குலசாமி, அதனால் அந்தக் கணக்கு பாதி நேரம் தப்பாத்தான் போகும். ஆனாலும் கணக்குப் போடுறவங்க நிறுத்துறதில்லை.

இது சும்மா கற்பனை பயம் இல்லை. நாங்குநேரியில் 2023 ஆகஸ்ட்டில் பிளஸ் டூ மாணவர் ஒருவரை, கூடப் படிச்சவங்களே வீடு புகுந்து வெட்டினாங்க. தடுக்க வந்த தங்கைக்கும் வெட்டு. அதுக்குப் பிறகு அமைக்கப்பட்ட நீதிபதி கே.சந்துரு குழு 2024 ஜூனில் அறிக்கை கொடுத்தது. பள்ளிகளின் பேரில் இருந்து சாதியை எடுக்கணும், சாதி சொல்லும் கலர் கயிறு கூடாது, அட்டெண்டன்ஸ் நோட்டில் சாதி விவரமே இருக்கக் கூடாது, அகர வரிசையில் உட்கார வைக்கணும் என்று போகுது பரிந்துரைகள். வானமாமலைப் பெருமாள் கோயில் கொண்ட ஊர் நாங்குநேரி. அந்தப் பெருமாள் பேரையே கொண்ட நாட்டார் வழக்காற்று ஆய்வாளர் நா.வானமாமலை (1917-1980) பிறந்த ஊரும் அதுதான்.

இப்படிப்பட்ட மண்ணில், எங்கே போனாலும் யாருக்கும் எதையும் காட்டிக்கொடுக்காத ஒரு பேரைப் பிள்ளைக்கு வைக்கணும்னு அம்மா அப்பா நினைச்சா, அதை ஃபேஷன் மோகம்னு சொல்லிட முடியாது. அதுக்கு மேல சினிமா வேற. சுடலை, பேச்சிமுத்து என்றால் ரௌடி, இல்லை காமெடியன். நெல்லை சட்டக் கல்லூரிக்குப் படிக்க வரும் ஹீரோவுக்கு ஊர்ச்சாமி பேரையே வெச்சு, அதையே படத்தின் டைட்டிலாவும் போட 2018-ல் 'பரியேறும் பெருமாள்' வர வேண்டியிருந்தது.

என்னைக் கேட்டா, பேரை மாத்துறது தப்பிக்கிற வழி மட்டும்தான். மோப்பம் பிடிக்கிறவன் அடுத்து இனிஷியலைக் கேட்பான், இன்ஸ்டா ரீல்ஸில் என்ன பாட்டு போட்டிருக்கேன்னு பார்ப்பான். அவன் மாறாத வரைக்கும் இந்தப் பக்கம் எத்தனை பேரைத்தான் மாத்துறது?

இதில் யாரும் எதிர்பார்க்காத ட்விஸ்ட் ஒண்ணு பாஸ்போர்ட்டில் வந்திருக்கு. 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பேர் மட்டும் இருந்தா விசிட் விசாவில் உள்ளே விட மாட்டோம்னு சொல்லிடுச்சு. கடையநல்லூர், மேலப்பாளையத்தில் இருந்து வளைகுடாவுக்குப் போக வர இருக்கும் குடும்பங்களுக்கு இது பெரிய தலைவலி. இனிஷியலை மட்டும் வெச்சு வாழ்ந்த ஜனம், 'சர்நேம்' கட்டத்தில் எதை எழுதும்? அப்பா பேரைத்தான். கடைசிப் பக்கத்தில் அப்பா பேர் இருந்தா போதும்னு பிறகு தளர்த்தினாங்க. ஆனாலும் புதுசா பாஸ்போர்ட் எடுக்கிறவங்க இப்போ உஷாரா அந்தக் கட்டத்தை நிரப்பிடுறாங்க.

அமெரிக்காவில் இது இன்னும் வேடிக்கை. ஆபீஸ் மெயில், பேங்க், ஆஸ்பத்திரி எல்லா இடத்திலும் சர்நேம்தான் ஆளு. தாத்தா இசக்கிமுத்து. அப்பா ரமேஷ், பாஸ்போர்ட்டில் 'ரமேஷ் இசக்கிமுத்து'. அங்கே பிறக்கும் பிள்ளைக்கு யோசிச்சு யோசிச்சு ரெண்டு எழுத்தில் ஒரு மாடர்ன் பேர் வைப்பாங்க. பர்த் சர்ட்டிஃபிகேட்டில் குடும்பப் பேர் தானா வந்து ஒட்டிக்கும். டல்லாஸில் ஏதோ ஒரு ஸ்கூலில் டீச்சர் நாக்கைச் சுழட்டி, "மிஸ்டர் இசக்கிமுத்து" என்று அட்டெண்டன்ஸ் எடுத்துட்டு இருப்பாங்க. எழுந்து நிற்கிற பையனுக்கு இன்னும் முப்பது வருஷத்தில் பிள்ளை பிறந்தா, அதுவும் இசக்கிமுத்துதான்.