வதக்கலும் அன்று, வறுவலும் அன்று

அமெரிக்கச் சீன உணவகங்களின் மாட்டிறைச்சி–புரொக்கோலியைப் 'போலிச் சீன உணவு' என்று ஒதுக்குவோர் உண்டு. அத்தீர்ப்பு பிழையானது என்பது என் கருத்து. அவ்வுணவை நாம் ஒரு மொழிபெயர்ப்பாகப் படிக்க வேண்டும்.

அதன் செய்முறைக்கான 'ஸ்டிர்-ஃப்ரை' என்ற ஆங்கிலப் பெயரே மொழிபெயர்ப்பில் பிறந்ததுதான். மருத்துவர் பூவெய் யாங் சாவோ 1945இல் அமெரிக்காவில் வெளியிட்ட சமையல் நூல் அச்சொல்லை அறிமுகம் செய்தது. அவருடைய சீன மூலத்தை மகள் ரூலான் ஆங்கிலமாக்கினார். கணவரும் மொழியியலாளருமான யுவென் ரென் சாவோ செப்பனிட்டார். 'ஆலிஸின் அற்புத உலகம்' நூலை 1922இல் சீனத்திற்குக் கொண்டுசென்றவர் அவர். சீனத் தொழிலாளர் குடியேற்றத்தை 1882இல் தடைசெய்த சட்டம் நீக்கப்பட்டு அப்போது இரண்டே ஆண்டுகள் ஆகியிருந்தன. பல தொழில்களிலிருந்து விலக்கப்பட்ட சீனர்க்கு உணவகமும் சலவைக்கடையுமே பிழைப்பாயிருந்த காலத்தின் தொடர்ச்சி அது.

கைலான் கீரையின் இடத்தில், இத்தாலியர் வழியாக அமெரிக்காவில் பரவிய புரொக்கோலி வந்தது. உழவு மாட்டை எளிதில் அடித்துண்ணாத மரபினர், மாட்டிறைச்சி மலிந்த நாட்டில் அதைச் சமைத்தனர். பெயர்ச்சொற்கள் மாறின, வினைச்சொல் மாறவில்லை.

அவ்வினையை வீட்டு அடுப்பிலும் சோதிக்கலாம். இறைச்சியை நார் ஓடும் திசைக்குக் குறுக்கே மெல்லியதாக அரிந்து, சோயா சாஸும் சிறிது கார்ன்ஃப்ளாரும் பிசறிக் கால்மணி நேரம் வைக்க வேண்டும். புரொக்கோலியைக் கொதிநீரில் ஒரு நிமிடம் இட்டு வடித்துக்கொள்ள வேண்டும். இரும்பு வாணலி நன்றாகக் காய்ந்தபின் எண்ணெய் விட்டு, இறைச்சியைச் சிறிது சிறிதாக இட்டுப் புரட்டி எடுக்க வேண்டும். ஒருசேரக் கொட்டினால் வாணலியின் சூடு தணியும். இறைச்சி நீர்விட்டு வெந்து சவசவத்துப் போகும். இறுதியில் பூண்டு, இஞ்சி, காய், இறைச்சி அனைத்தையும் சேர்த்து இரண்டு புரட்டு.

இதைத் தமிழில் எப்படிச் சொல்வது? 'வதக்கு' என்றால் வதங்கச் செய்தல். இங்கோ காய் வதங்குமுன் இறக்கிவிட வேண்டும். 'வறு' என்பதில் ஈரம் வற்றிவிடுகிறது. இங்கு அது உள்ளே நிற்க வேண்டும். நமக்கு நெருங்கிய இரு வினைகளும் பொருந்தவில்லை. சாவோ குடும்பம் ஆங்கிலத்தில் எதிர்கொண்ட இடர் இதுவே. கிளறுதலையும் பொரித்தலையும் குறிக்கும் இரு எளிய சொற்களை இணைத்து அவர்கள் கடந்தார்கள்.

மூலத்தின் ஒவ்வொரு பொருளும் வந்து சேர்ந்ததா என்று எண்ணிப் பார்ப்பவர் நல்ல மொழிபெயர்ப்பை ஒருபோதும் மெச்ச மாட்டார். வாணலியின் சூடும் கையின் வேகமும் வந்து சேர்ந்தனவா என்றே நான் பார்ப்பேன். வந்திருக்கின்றன. விலக்கப்பட்டவர்கள் காத்துவந்த அவ்வினையைப் போலி என்பது, பசியாறிய பின் சமைத்தவரை மறப்பதற்கு ஒப்பாகும்.