விசுவாசம் யாருடைய கடமை?

'விசுவாசம்' என்ற சொல்லை நம்மிடையே யார் யாரைப் பார்த்து உச்சரிக்கிறார்கள் என்று சற்றே கவனித்துப் பாருங்கள். முதலாளி தொழிலாளியைப் பார்த்துச் சொல்வார். நிர்வாகம் குமாஸ்தாவைப் பார்த்துச் சொல்லும். வீட்டு எஜமானி சமையற்காரியைப் பார்த்துச் சொல்வாள். ஆனால், ஒரு வேலையாள் தன் எஜமானரைப் பார்த்து, "ஐயா, நீங்கள் எனக்கு விசுவாசமாக இருந்தீர்களா?" என்று கேட்டதுண்டா? கேட்டால் அதற்கு வேறு பெயர் வைத்துவிடுவோம்: திமிர்.

இந்த ஒற்றைச் சொல்லை வைத்துக்கொண்டு ஒரு மனிதரை ஊர் கூடி ஏசிய விவகாரத்தைத்தான் இங்கே எழுதப் போகிறேன். அந்த மனிதர் நம்மவர் அல்லர், அமெரிக்கர். டக் மரோன் என்று பெயர். முதலில் கால்பந்தாட்டக்காரர், பிறகு பயிற்சியாளர். அமெரிக்கக் கால்பந்தைப் பற்றி ஒரு கதாசிரியனுக்கு என்ன பேச்சு என்று சிலர் முகம் சுளிக்கக்கூடும். மனிதர்களை எடை போடுகிற காரியம் எங்கே நடந்தாலும் கதாசிரியனுக்கு அங்கே வேலை உண்டு. தராசு சரியாக இல்லையென்றால் கூச்சல் போடவும் உரிமை உண்டு.

அந்த ஆட்டத்தைப் பற்றி இரண்டு வார்த்தை. நாம் கால்பந்து என்று சொல்கிற ஆட்டமல்ல அது. முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்திக்கொண்டு எதிரியின் எல்லைக்குள் நுழைகிற ஆட்டம். பக்கத்துக்குப் பதினொருவர். தாக்கும் அணியில் பந்தை எறிகிறவன் குவார்ட்டர்பேக். புகழ், பணம், விளம்பரம், சிலை எல்லாம் அவனுக்கு. அவனுக்கு முன்னே ஐந்து பேர் வரிசையாகக் குனிந்து நிற்பார்கள்: நடுவில் சென்டர், இருபுறமும் கார்டுகள், ஓரங்களில் டாக்கிள்கள். ஆளுக்கு 300 பவுண்டு, அதாவது 136 கிலோ எடை. எதிரிகள் பாய்ந்து வந்து குவார்ட்டர்பேக்கை வீழ்த்தாமல், தங்கள் உடம்பையே சுவராக்கித் தடுப்பதுதான் இவர்கள் வேலை. சாதாரணமாக, முன்னோக்கி எறிந்த பந்தை இவர்கள் பிடிக்கவே கூடாது. பிடித்தால் அபராதம்.

ஓடியவன் எத்தனை கஜம் ஓடினான், எறிந்தவன் எத்தனை கஜம் எறிந்தான் என்றெல்லாம் ஆட்டம் முடிந்ததும் பட்டியல் போடுவார்கள். அந்த ஐவருக்கு அதில் இடமில்லை. அவர்களில் ஒருவனுடைய எண்ணை நடுவர் மைதானம் முழுக்கக் கேட்கும்படி ஒலிபெருக்கியில் சொல்வது, பெரும்பாலும் அவன் தப்புச் செய்யும்போதுதான். எதிரியின் சட்டையைப் பிடித்து இழுத்தான் என்று எண்ணைச் சொல்லி, பத்து கஜம் பின்னுக்குத் தள்ளுவார். அறுபது தடவை ஒழுங்காகத் தடுத்தவனை யாருக்கும் தெரியாது. அறுபத்தொன்றாவது தடவை சறுக்கியவனை ஊருக்கே தெரியும். ஆண்டுதோறும் மிகச் சிறந்த ஆட்டக்காரர் என்று அசோசியேட்டட் பிரஸ் நிறுவனம் ஒரு விருது தருகிறது. 1982-இல், காலால் பந்தை உதைக்க மட்டும் மைதானத்துக்குள் வந்து போகிற மார்க் மோஸ்லி என்பவருக்குக்கூட அது கிடைத்தது. தாக்கும் அணியின் முன்வரிசைக்காரன் ஒருவனுக்கு இதுவரை கிடைத்ததில்லை.

மரோன் அந்த வரிசைக்காரர். 1964-இல் நியூயார்க் நகரத்தின் பிராங்க்ஸ் பகுதியில் பிறந்தார். சிரக்யூஸ் பல்கலைக்கழகத்துக்காக ஆடினார். 1986-இல் லாஸ் ஏஞ்சல்ஸ் ரைடர்ஸ் அணி அவரை ஆறாவது சுற்றில் தேர்ந்தெடுத்தது. பிறகு வேண்டாமென்று விட்டுவிட்டது. 1987-இல் மயாமியில் கொஞ்ச நாள். 1989-இல் நியூ ஆர்லியன்ஸில் கொஞ்ச நாள். தேசியக் கால்பந்து லீகில் அவர் ஆடிய ஆட்டங்களை ஒரு கை விரல்களிலேயே எண்ணிவிடலாம். 1991-இல் ஐரோப்பாவையும் சேர்த்துக்கொண்டு புதிதாக ஒரு லீக் தொடங்கினார்கள். அதில் லண்டன் மொனார்க்ஸ் அணியில் சேர்ந்தார். அந்த அணி வெம்ப்ளி மைதானத்தில் பார்சிலோனாவை 21-0 என்று வென்று முதல் கோப்பையை எடுத்தது. அடுத்த ஆண்டு ஆட்டங்கள் முடிந்ததும் அந்த லீகையே நிறுத்திவைத்துவிட்டார்கள்.

இப்படி ஒவ்வொரு வாசலிலும், "இனி நீ தேவையில்லை" என்று சொல்லி அனுப்பினார்களே, அந்த முதலாளிகளை யாராவது விசுவாசமற்றவர்கள் என்று ஏசினார்களா? இல்லை. அது தொழில் தர்மம். அந்த லீகில் இன்றும் அப்படித்தான். ஆகஸ்டு கடைசியில் ஒவ்வோர் அணியும் தொண்ணூறு பேரை ஐம்பத்து மூன்று பேராகக் குறைக்க வேண்டும். அணிகள் 32. கணக்குப் போட்டுப் பாருங்கள். சில நாட்களுக்குள் ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் சீட்டுக் கிழிக்கப்படுகிறார்கள். சிலரைப் பயிற்சி அணியில் திரும்பச் சேர்த்துக்கொள்வார்கள். மற்றவர்கள் மூட்டை கட்ட வேண்டியதுதான். பல ஆண்டு ஒப்பந்தம் கையில் இருந்தாலும், உத்தரவாதம் தரப்பட்ட தொகை போக மீதிச் சம்பளம் காகிதத்தோடு சரி.

மரோன் ஆட்டக்காரராகத் தோற்றார். ஆனால் தொழிலை விடவில்லை. கார்ட்லண்ட் என்ற சிறிய கல்லூரியில் தொடங்கி, கடலோரக் காவற்படைக் கல்லூரி, நார்த்ஈஸ்டர்ன், ஜார்ஜியா டெக், ஜார்ஜியா, டென்னசி என்று பத்து வருஷம் ஊர் ஊராகப் போய், குனிந்து நிற்கிற பையன்களுக்குக் காலை எங்கே வைப்பது, கையை எப்படி நீட்டுவது என்று கற்றுக்கொடுத்தார். 2002-இல் நியூயார்க் ஜெட்ஸ் அணியின் முன்வரிசைப் பயிற்சியாளரானார். 2006-இல் நியூ ஆர்லியன்ஸ். 2009-இல், தாம் படித்த சிரக்யூஸிலேயே தலைமைப் பயிற்சியாளர். அதற்கு முந்தைய நான்கு ஆண்டுகளில் பத்தே ஆட்டங்களை வென்று 37-இல் தோற்றிருந்த அணி அது. நான்கு ஆண்டுகளில் அதை 25 வெற்றி, 25 தோல்வி என்ற நிலைக்குக் கொண்டுவந்தார். பிராங்க்ஸில் உள்ள யாங்கி ஸ்டேடியத்தில் இரண்டு தடவை பின்ஸ்டிரைப் கோப்பையையும் வென்றார்.

இனிமேல்தான் விவகாரம். 2013-இல் பஃபலோ பில்ஸ் அணி அவரைத் தலைமைப் பயிற்சியாளராக்கியது. முதல் ஆண்டு 6 வெற்றி, 10 தோல்வி. இரண்டாம் ஆண்டு 9 வெற்றி, 7 தோல்வி. 2004-க்குப் பிறகு அந்த அணி தோல்வியைவிட அதிக வெற்றி கண்டது அப்போதுதான். அந்த ஆண்டு மார்ச்சில் அணியின் சொந்தக்காரர் ரால்ஃப் வில்சன் தமது 95-ஆம் வயதில் காலமானார். அக்டோபரில் அணி கைமாறியது. வில்சன் 1959-இல் 25,000 டாலர் கொடுத்து வாங்கிய உரிமை 140 கோடி டாலருக்கு விலை போயிற்று. மரோனின் ஒப்பந்தத்தில் ஒரு ஷரத்து இருந்தது: சொந்தக்காரர் மாறினால், அடுத்த ஆண்டுச் சம்பளத்தோடு அவர் விலகிக்கொள்ளலாம். 2014-இன் கடைசி நாளன்று அவர் விலகினார். 40 லட்சம் டாலர் பெற்றதாகப் பத்திரிகைகள் எழுதின.

பிடித்துக்கொண்டார்கள்! பாதியில் ஓடினவர், பணத்தாசைக்காரர், ஆட்டக்காரர்களை நட்டாற்றில் விட்டவர்! வருஷா வருஷம் ஆயிரம் பேரை வெளியே தள்ளுகிற தொழிலில், ஒரே ஒரு மனிதர் தாமாகக் கதவைத் திறந்துகொண்டு போனதும், எல்லோருக்கும் தர்மம் ஞாபகம் வந்துவிட்டது.

மறுதரப்பு வாதத்தையும் சொல்லிவிடுகிறேன். 'லட்சக்கணக்கில் டாலர் வாங்கியவருக்கு என்ன அனுதாபம்?' என்பது ஒன்று. நியாயம். நானும் அனுதாபம் கேட்கவில்லை, அளவுகோலைத்தான் கேட்கிறேன். இரு தரப்பும் கையெழுத்துப் போட்ட காகிதத்தில், முதலாளிக்குச் சாதகமான வரியை அவர் பயன்படுத்தினால் அது நிர்வாகத் திறமை. ஊழியனுக்குச் சாதகமான வரியை ஊழியன் பயன்படுத்தினால் அது துரோகம். இந்தக் கணக்கை எந்தப் பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுத்தார்கள்? 25,000 போட்டு 140 கோடி ஆனதை யாரும் பேராசை என்று சொல்லவில்லையே!

'கூட உழைத்த ஆட்டக்காரர்களை விட்டுப் போகலாமா?' என்பது மற்றொன்று. இது முன்னதைவிடக் கனமான கேள்வி. தலைவன் எழுந்து போனால் கூட இருந்தவர்களுக்கு வலிக்கத்தான் செய்யும். அதை மறுப்பவன் மனிதனல்லன். ஆனால் அந்த வலியை ஆட்டக்காரன் சொல்லட்டும், கேட்டுக்கொள்வோம். அந்த ஆட்டக்காரனையே அடுத்த ஆகஸ்டில் சீட்டுக் கிழிக்கப் போகிற அமைப்பும் அதன் துதிபாடிகளும் அவன் கண்ணீரைக் கடன் வாங்கி உபதேசம் செய்யக் கூடாது.

முதலாளிகளின் விசுவாசத்தையும் கொஞ்சம் பார்ப்போம். வில்சன் கடைசிவரை பஃபலோவை விட்டு அணியைக் கொண்டுபோகவில்லை. அந்தப் பெருமை அவருக்கு உண்டு. மரோனை முதலில் எடுத்து முதலில் விட்ட ரைடர்ஸ் கதை வேறு. ஓக்லண்டில் இருந்த அணி 1982-இல் லாஸ் ஏஞ்சல்ஸுக்குப் போயிற்று. 1995-இல் ஓக்லண்டுக்கே திரும்பியது. 2020-இல் லாஸ் வேகஸுக்குப் போய்விட்டது. 1984 மார்ச்சில் பால்டிமோர் கோல்ட்ஸ் அணியோ, இரவோடு இரவாக லாரிகளில் தட்டுமுட்டுச் சாமான்களை ஏற்றிக்கொண்டு இண்டியானாபொலிஸுக்குக் கிளம்பிவிட்டது. காலையில் எழுந்து பார்த்த ஊர்க்காரர்களுக்கு அணியே இல்லை. வாடகை பாக்கி வைத்தவன் ராத்திரியில் வீடு காலி செய்வான் என்று கேள்விப்பட்டிருக்கிறோம். கோடீஸ்வரரும் செய்வார் என்று அன்று தெரிந்தது.

இதையெல்லாம்விடக் கொடுமையான ஒன்று உண்டு. மைக் வெப்ஸ்டர், பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் அணியின் சென்டர். நான்கு சூப்பர் பௌல் வெற்றிகளில் நடுத்தூணாக நின்றவர். 1974 முதல் 1990 வரை பதினேழு ஆண்டு தலையைக் கொடுத்து முட்டினார். பிறகு நினைவு தடுமாறி, வீடில்லாமல் சில காலம் தம் வண்டியிலேயே படுத்துறங்கி, 2002-இல் ஐம்பதாவது வயதில் இறந்தார். பென்னட் ஒமாலு என்ற மருத்துவர் அவர் மூளையைச் சோதித்து, ஓயாத மோதலால் அது சிதைந்திருப்பதைக் கண்டார். 2005-இல் அதை எழுதி வெளியிட்டார். லீகின் மருத்துவக் குழு என்ன செய்தது? அந்தக் கட்டுரையைத் திரும்பப் பெற வேண்டும் என்று வற்புறுத்தியது. ஆட்டத்துக்கும் அந்த மூளை நோய்க்கும் தொடர்பு உண்டு என்று லீகின் அதிகாரி ஒருவர் வாய்விட்டு ஒப்புக்கொள்ள 2016 ஆயிற்று. வெப்ஸ்டர் அணிக்குக் காட்டிய விசுவாசத்துக்கு இதுதான் எதிர்மொய். இதைத் தெரிந்த முன்வரிசைக்காரன் ஒருவன், தன் ஒப்பந்தத்தின் ஒவ்வொரு வரியையும் விரல் வைத்துப் படிக்கிறான் என்றால், அவனைப் பணத்தாசைக்காரன் என்று சொல்ல எனக்கு நாக்கு வராது.

மரோனின் மீதிக் கதையையும் சொல்லிவிடுகிறேன். ஜாக்சன்வில் ஜாகுவார்ஸ் அணியில் மறுபடியும் முன்வரிசைப் பயிற்சியாளராகச் சேர்ந்தார். அங்கேயே தலைமைப் பதவிக்கு வந்தார். முந்தைய ஆண்டு மூன்றே ஆட்டங்களை வென்றிருந்த அணி, 2017-இல் பத்து வென்றது. பஃபலோ பதினேழு ஆண்டுகளுக்குப் பிறகு இறுதிக்கட்ட ஆட்டத்துக்கு வந்ததும் அந்த ஆண்டுதான். 2018 ஜனவரியில் எதிரே நின்றது மரோனின் அணி. 10-3 என்று பஃபலோ தோற்றது. அதற்கு இரண்டு வாரம் கழித்து, மரோனின் அணி நியூ இங்கிலாந்தை எதிர்த்துக் கடைசிக் கால்பகுதியில் 20-10 என்று முன்னே நின்று, 24-20 என்று தோற்றது. சூப்பர் பௌல் கைக்கெட்டியது வாய்க்கெட்டவில்லை.

பிறகு சரிவு. அவர் மகா மேதை என்று நான் வாதாட வரவில்லை. 2020-இல் அவரது அணி முதல் ஆட்டத்தை வென்று, அடுத்த பதினைந்திலும் வரிசையாகத் தோற்றது. அதிலும் ஒரு வேடிக்கை. கடைசி இடம் பிடிக்கிற அணிக்கு அடுத்த ஆண்டின் புதிய ஆட்டக்காரர்களில் முதல் தேர்வு உரிமை. ஆகவே தோற்கத் தோற்க ரசிகர்கள் பலருக்கு உள்ளூர மகிழ்ச்சி. ட்ரெவர் லாரன்ஸ் என்ற இளம் குவார்ட்டர்பேக் அவர்களுக்குக் கிடைத்தார். தோல்வியின் லாபத்தை நிர்வாகம் எடுத்துக்கொண்டது; தோல்வியின் பழியை மரோன் தலையில் கட்டி, 2021 ஜனவரியில் அனுப்பிவைத்தது. அவர் அலபாமா பல்கலைக்கழகத்துக்குப் போய், மறுபடியும் குனிந்து நிற்கிற பையன்களுக்குக் காலை எங்கே வைப்பது என்று கற்றுக்கொடுக்கத் தொடங்கினார்.

'விசுவாசமற்றவர்' என்று அந்த மனிதரையா சொல்கிறீர்கள்? 1986-இலிருந்து எத்தனை வாசல் மூடினாலும் அந்த ஐந்து பேர் வரிசையை விட்டு அவர் போகவேயில்லை. தொழிலுக்கு விசுவாசம் என்பது வேறு. எஜமானருக்கு விசுவாசம் என்பது வேறு. முன்னது மனிதனின் கௌரவம். பின்னது இரு பக்கமும் ஓடினால் உறவு. ஒரு பக்கம் மட்டும் ஓடினால் அடிமைத்தனம்.

வாசகர்களுக்கு ஒன்று சொல்லுவேன். அடுத்த தடவை உங்கள் காரியாலயத்தில் ஒருவன் ராஜினாமாக் கடிதம் கொடுத்துவிட்டுக் கிளம்பும்போது, 'நன்றி கெட்டவன்' என்று யாராவது முணுமுணுத்தால், உடனே தலையை ஆட்டிவிடாதீர்கள். அந்த நன்றியை அவனுக்கு யார், என்றைக்கு, எந்தக் கையால் கொடுத்தார்கள் என்று கேளுங்கள். பதில் வரவில்லையானால், போகிறவனுக்கு எழுந்து நின்று கை கொடுங்கள்.