பழைய வீடியோ கேமும் பவுண் கணக்கும்



சென்ற இதழில் காஸ் பில்லைப் பற்றி எழுதியிருந்தோம். அதை வாசித்த ஒரு அக்கா கோயிலில் எங்களைக் கண்டு, "பில் கதை நல்லதுதான். ஆனால் என்ரை வீட்டிலை ரெண்டு பெடியளும் கேம் கேம் எண்டு வாங்கிக் குவிச்சு அலுமாரி நிறைஞ்சு போச்சு. அதுகளை வித்துக் காசாக்க வழியிருக்கோ? அதை எழுதுங்கோவன்" என்றார். பக்கத்தில் நின்ற அவரின் மூத்தவன் முகத்தைத் திருப்பிக்கொண்டான். அந்த முகத்தை எங்களுக்கு நன்றாகத் தெரியும். எங்கள் வீட்டிலும் அப்படி ஒரு முகம் இருந்தது.

2022 செப்ரெம்பர். எங்கள் மகன் ஏழாம் வகுப்புக்குப் புதிய பள்ளிக்கூடம் போகவேண்டும். பிளேசர் மட்டும் 42 பவுண்ஸ். பார்க் றோயலில் நாங்கள் வேலை செய்யும் தொழிற்சாலையில் அந்த மாதம் பார்த்து ஓவர்ரைமை வெட்டிவிட்டார்கள். இரவு குசினியில் நாங்கள் இரண்டு பேரும் கணக்குப் பார்த்துக்கொண்டிருந்தது அவன் காதில் விழுந்திருக்கவேண்டும். அடுத்தநாள் ஒரு பையில் 14 கேம்களைக் கொண்டுவந்து மேசையில் வைத்தான். "அப்பா, இதை விப்பம்" என்றான். பதினொரு வயது.

பஸ் பிடித்துப் போய் முதலில் கண்ட ஒரு கடையில் பையைக் கொட்டினோம். அங்கே நின்றவர் ஒவ்வொன்றாகப் பார்க்கவுமில்லை. கையால் தள்ளித் தள்ளி எண்ணிவிட்டு, "எல்லாத்துக்கும் 19 பவுண்ஸ்" என்றார். எங்களுக்கு இங்கிலீசும் அவ்வளவு வராது, பேரம் பேசக் கூச்சம் வேறு. வாங்கிக்கொண்டு வந்துவிட்டோம்.

ஒரு கிழமை கழித்து மகன் அதே கடைக் கண்ணாடியில் தன்னுடைய கேம் ஒன்றைக் கண்டான். உள்ளட்டையின் மூலையில் தன் பெயரின் முதலெழுத்தைப் பேனாவால் எழுதி வைத்திருந்தான், அதனால் அடையாளம் தெரிந்தது. அந்த ஒன்றின் விலை மட்டும் 29 பவுண்ஸ் என்று ஒட்டியிருந்தது. அவன் ஒன்றும் சொல்லவில்லை. வழமையைவிட வேகமாக நடந்தான்.

ஊரில் அன்றைய பவுண் விலை தெரியாமல் யாராவது நகைக்கடைக்குப் போவார்களா? பேப்பரில் பார்ப்போம், பக்கத்து வீட்டில் கேட்போம், நிறுத்துப் பார்ப்போம். அம்மாவின் தாலிக்கொடியை அடகு வைத்துத்தான் ஏஜென்சிக்குக் காசு கட்டினோம். அன்றைக்குக்கூட மூன்று இடத்தில் விலை கேட்டபிறகுதான் வைத்தோம். இந்த நாட்டுக்கு வந்தவுடன் அந்தப் புத்தி எங்கே போனதோ தெரியாது. அடகென்றால் மீட்கவாவது முடியும். பழைய கேமைக் கொடுத்தால் கொடுத்ததுதான்.

அந்த 19 பவுண்ஸ் பட்ட சூட்டில்தான் இந்த விசயத்தைத் துருவத் தொடங்கினோம். எங்களுக்கு ஓ.எல். வரைதான் படிப்பு. மகன் விலை தேடுவான், நாங்கள் கடைக்கடையாகக் கேட்போம். அறிந்ததை இங்கே எழுதுகிறோம்.

முதலாவது, விலையை வீட்டிலேயே பார்த்துவிட்டுப் போகவேண்டும். 1992 இல் லண்டனில் தொடங்கி இன்று ஊரெல்லாம் கிளை வைத்திருக்கும் சீ-ஈ-எக்ஸ் என்ற கடை இருக்கிறது. (கடைக்காரர் அந்த மூன்று எழுத்தையும் சேர்த்து உச்சரிக்கும் விதம் எங்கள் வீடுகளில் சொல்லக் கூச்சமானது. பிள்ளைகள் எழுத்தெழுத்தாகவே சொல்கிறார்கள், நீங்களும் அப்படியே சொல்லுங்கள்.) அவர்களின் இணையத்தளத்தில் கேமின் பெயரைப் போட்டால் மூன்று விலை வரும். அவர்கள் விற்கும் விலை, எங்களுக்குக் காசாகத் தரும் விலை, வவுச்சராகத் தரும் விலை. கடைக்குப் போகாமலே 14 கேமுக்கும் கூட்டிப் பார்க்கலாம். எங்கள் 14 ஐயும் மகன் பிறகு ஒருநாள் கூட்டிப் பார்த்தான். காசு விலையே 50 பவுண்ஸைத் தாண்டியது. பிளேசரும் வாங்கி ஒரு சோடி சப்பாத்தும் வாங்கியிருக்கலாம்.

வேறு கடைக்குப் போவதென்றாலும் அந்தத் தொகையை ஒரு துண்டில் எழுதிக்கொண்டு போங்கள். பையை மொத்தமாகக் கொட்டவேண்டாம். ஒவ்வொன்றாக எடுத்து வைத்து, ஒவ்வொன்றுக்கும் என்ன விலையென்று கேளுங்கள். விலை பிடிக்காவிட்டால், "தாங் யூ" என்று சொல்லிவிட்டு எடுத்துக்கொண்டு வரலாம். அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. முன்பு பெரிய கடைத்தெருக்களில் கேம் என்ற பெயரிலேயே இருந்த கடைத்தொகுதியும் பழையதை வாங்கியது, ஆனால் 2024 தொடக்கத்தில் அதை நிறுத்திவிட்டது. பழைய ஆட்கள் யாராவது அங்கே போகச் சொன்னால் வீண் அலைச்சல்.

காசா வவுச்சரா என்பதுதான் பலரும் பிழைவிடும் இடம். வவுச்சர் விலை எப்போதும் கூடவாகவே இருக்கும். ஒரு கேமுக்குக் காசு 10, வவுச்சர் 14 என்று வைத்துக்கொள்வோம். நாலு பவுண்ஸ் லாபம் என்று தோன்றும். ஆனால் வவுச்சரைக் கொண்டு அரிசி வாங்க முடியாது, அந்தக் கடையில்தான் செலவழிக்கவேண்டும். எப்படியும் அங்கே ஒன்று வாங்கத்தான் போகிறோம், அது வேறிடத்தில் மலிவாக இல்லை என்றால் மட்டும் வவுச்சர் எடுங்கள். இல்லாவிட்டால் காசு. பிள்ளைகள் வவுச்சருக்குத்தான் நிற்பார்கள், காரணம் சொல்லத் தேவையில்லை.

அடுத்தது காலம். மீனுக்குக் காலை விலை ஒன்று, மாலை விலை ஒன்று இருப்பதுபோலத்தான். ஈ.ஏ. நிறுவனத்தின் உதைபந்தாட்டக் கேம் (முந்திப் பீபா என்றிருந்தது, 2023 இல் பெயரை மாற்றினார்கள்) வருடாவருடம் செப்ரெம்பர் கடைசியில் புதிதாக வரும். அன்றோடு பழையதன் விலை விழுந்துவிடும். இரண்டு மூன்று வருடம் பழகியதற்குச் சில்லறைதான் கிடைக்கும். ஆகவே கோடை விடுமுறை முடியமுன்னரே கொடுத்துவிடவேண்டும். நாங்கள் அந்த 14 ஐக் கொண்டுபோனது செப்ரெம்பரில், அதில் ஐந்து உதைபந்தாட்டம். பிள்ளை அழுதால், "புதுசு வந்தாப்பிறகு பழசை ஆர் விளையாடுறது?" என்று கேளுங்கள், உடன்படுவான்.

நின்ரெண்டோ சரக்கு அப்படியல்ல. மாரியோ கார்ட் 8 டீலக்ஸ் 2017 ஏப்ரலில் வந்தது, இன்றைக்கும் விலை இறங்க மனமில்லாமல் நிற்கிறது. போக்கிமொனும் அந்தச் சாதிதான். 2025 யூன் 5 ஆம் திகதி ஸ்விச் 2 வந்தபோது, இனிப் பழைய காட்றிஜ்களைக் குப்பையில்தான் போடவேண்டும் என்று சிலர் அவசரப்பட்டு விற்றார்கள். அந்தப் புதிய பெட்டியில் பழைய ஸ்விச் கேம்களில் பெரும்பாலானவை ஓடுகின்றன. அவசரமே தேவையில்லை. இன்னொன்று, அந்தச் சின்னக் காட்றிஜ்ஜைக் குழந்தைகள் விழுங்கிவிடக்கூடாது என்று வேப்பங்காய்போலக் கசக்கும் மருந்து பூசியிருக்கிறார்கள். எங்கள் சின்னவள் நக்கிப் பார்த்துவிட்டு வீட்டை இரண்டாக்கினாள்.

வாங்கும்போதே விற்பதை நினைக்கவேண்டும். இணையத்தில் இறக்கி விளையாடும் கேமைத் திரும்ப விற்கவே முடியாது. டிஸ்க் போடும் வாய் இல்லாத பெட்டிகளும் இருக்கின்றன. எக்ஸ்பொக்ஸ் சீரிஸ் எஸ், பிளேஸ்ரேசன் 5 டிஜிற்றல் ஆகிய இரண்டும் அப்படி. 2024 நொவெம்பரில் வந்த பிளேஸ்ரேசன் 5 புரோவிலும் டிஸ்க் வாய் இல்லை, தனியாக வாங்கிப் பூட்டவேண்டும். பெட்டி மலிவாகத் தெரியும். ஆனால் பழைய டிஸ்க் வாங்கவும் முடியாது, விளையாடி முடித்ததை விற்கவும் முடியாது. வருடக் கணக்கில் பார்த்தால் வாய் உள்ளதுதான் எங்களைப்போன்ற வீட்டுக்குச் சரி. மறந்துபோகாமல் இதையும் சொல்லவேண்டும், கொழும்பிலிருந்து யாராவது கொண்டுவந்து கொடுத்த கொப்பி டிஸ்க்கை எந்தக் கடையிலும் நீட்டவேண்டாம். அது சட்டத்துக்கு மாறானது.

பெட்டியையும் உள்ளட்டையையும் எறியக்கூடாது. எங்கள் வீட்டில் இடமில்லை என்று நாலு பெட்டியை எறிந்துவிட்டு வெறும் டிஸ்க்கைக் கொண்டுபோனோம். டிஸ்க்கைத் துடைப்பதென்றால் மெல்லிய துணியால் நடுவிலிருந்து ஓரத்துக்கு நேராக இழுக்கவேண்டும், வட்டமாகத் தேய்க்கக்கூடாது. பற்பசை பூசினால் கீறல் போகும் என்று ஒரு கதை உலாவுகிறது. பூசாதீர்கள்.

ஸ்விச்சின் ஜோய்-கொன் என்ற கைப்பிடி, தொடாமலே ஒரு பக்கம் இழுத்துக்கொண்டு போகும் வருத்தம் பெயர்போனது. அந்த வருத்தத்தோடு கடைக்குக் கொண்டுபோனால் விலையை வெட்டுவார்கள், அல்லது வேண்டாம் என்பார்கள். 2023 மார்ச்சில் நின்ரெண்டோ இந்த நாட்டிலும் ஐரோப்பாவிலும், கரன்ரி முடிந்திருந்தாலும் இந்தக் குறையை இலவசமாகத் திருத்தித் தருவதாக அறிவித்தது. எங்களுடையதை அனுப்பித் திருத்தி எடுத்தோம், ஒரு பென்ஸும் கேட்கவில்லை. அனுப்பமுன் இன்றைய நிபந்தனையை ஒருக்கால் பார்த்துக்கொள்ளுங்கள். திருத்திய பிறகு விற்பதற்கும் திருத்தாமல் விற்பதற்கும் உள்ள வித்தியாசம் எங்கள் அரைநாள் சம்பளம்.

பெட்டியையே விற்பதென்றால் பிள்ளையின் கணக்கிலிருந்து வெளியே வந்து, எல்லாவற்றையும் அழித்துப் புதுப்பெட்டி நிலைக்குக் கொண்டுவந்துவிட்டுத்தான் கையால் விடவேண்டும். உங்கள் பாங்க் கார்ட் நம்பர் அதற்குள் கிடக்கக்கூடும்.

புதிதாக விசா கிடைத்த குடும்பங்களுக்கு ஒரு விசயம். காசுக்கு விற்கும்போது கடையில் படத்தோடு அடையாள அட்டை கேட்பார்கள். பிள்ளையைத் தனியே அனுப்பவேண்டாம், பெரியவர் போகவேண்டும். முன்பு பீ.ஆர்.பி. அட்டையைக் காட்டினோம். 2024 டிசெம்பர் 31 உடன் அந்த அட்டைகளின் காலம் முடிந்து ஈ-விசா வந்துவிட்டது. அது போனில் இருப்பது, கையில் காட்ட அட்டை இல்லை. எங்களோடு வேலை செய்யும் ஒரு தம்பி இரண்டு கடையில் திரும்பி வந்தார். பிறகு புரொவிசனல் லைசென்ஸ் எடுத்தார், இணையத்தில் விண்ணப்பித்தபோது 34 பவுண்ஸ். கார் ஓடாவிட்டாலும் அது பத்து இடத்தில் உதவும்.

கடையைவிடக் கூட விலை வேண்டுமென்றால் ஆளுக்கு ஆள் நேரே விற்கலாம். ஈபேயில் 2024 ஒக்ரோபரிலிருந்து, சொந்தச் சாமான் விற்கும் சாதாரண ஆட்களிடம் விற்பனைக் கட்டணம் எடுப்பதில்லை. வின்ரெட்டிலும் விற்பவருக்குக் கட்டணம் இல்லை. விலை உயர்ந்த ஒன்றிரண்டை அங்கே விற்று, மிச்சத்தைக் கடையில் கொடுப்பதே எங்கள் வழக்கம். தபாலில் அனுப்பினால் பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துங்கள். பேஸ்புக்கில் கண்டு நேரே வாங்க வருபவரை வீட்டுக்குக் கூப்பிடாமல் ஸ்ரேசன் வாசலில் சந்தியுங்கள். காசு கையில் வந்த பிறகு சாமான். போனுக்கு வந்த கோட் நம்பரைச் சொல்லு என்று யாராவது கேட்டால் அவன் கள்ளன்.

"இணையத்திலை வித்தால் ரக்ஸ்காரன் வருவானாம்" என்று ஒரு பயம் எங்கள் ஆட்களிடம் இருக்கிறது. வருடத்தில் 30 சாமான் அல்லது சுமார் 1,700 பவுண்ஸுக்கு மேல் விற்றவர்களின் விபரத்தை இந்தத் தளங்கள் வரித் திணைக்களத்துக்குக் கொடுப்பது உண்மை. விபரம் போவது வேறு, வரி வருவது வேறு. பிள்ளை விளையாடிய பழையதை வாங்கிய விலையிலும் குறைத்து விற்பது வியாபாரம் அல்ல. வாங்கி வாங்கி லாபத்துக்கு விற்கத் தொடங்கினால்தான் அது வியாபாரம். அதிலும் வருடத்தில் 1,000 பவுண்ஸ் வரை வரவுக்கு விலக்கு இருக்கிறது.

பிளேசரைப் பற்றியும் ஒரு வார்த்தை. பள்ளிக்கூடங்கள் பழைய சீருடை கிடைக்க வழிசெய்யவேண்டும் என்று 2021 இலேயே அரசாங்கம் சொல்லிவிட்டது. பள்ளிக்கூட அலுவலகத்தில் கேட்டிருந்தால் அந்த 14 கேமையும் விற்றிருக்கவே தேவையில்லை. எங்களுக்கு அதைச் சொல்ல ஆள் இருக்கவில்லை.

மகனுக்கு இப்போது ஸ்விச் 2 வேண்டும். வந்தபோது அதன் விலை 395 பவுண்ஸ் 99 பென்ஸ். எங்களிடம் கேட்கவில்லை. ஒரு பால்மா ரின்னில் காசு சேர்க்கிறான். உதைபந்தாட்டம் ஓகஸ்ட் முதற்கிழமையிலேயே போய்விட்டது. மாரியோ கார்ட்டை மட்டும் விற்கமாட்டானாம், தங்கச்சி விளையாடுகிறாளாம். ரின்னில் 212 பவுண்ஸ் இருக்கிறது என்று நேற்று எண்ணிச் சொன்னான். பழைய ஸ்விச்சையும் கொடுக்கத்தான் யோசனை, ஆனால் மற்றப் பக்கத்து ஜோய்-கொன்னும் இப்போது இழுக்கத் தொடங்கியிருக்கிறது. அது திருத்தப் போயிருக்கிறது, வரும்வரை காத்திருக்கிறான்.