தர்ம நிதியும் ராஜாங்க அதிகாரமும்

பொது ஜனங்களிடம் கையேந்திப் பணம் வாங்குகிறவன் அதற்குக் கணக்குச் சொல்லக் கடமைப்பட்டவன். இதை எந்த நாட்டிலும் யாரும் மறுக்கத் துணிவதில்லை. ஆனால் அந்தக் கணக்கைக் கேட்கும் உரிமை யாருக்கு, எம்மட்டில் கேட்கலாம், கணக்குக் கேட்கும் சாக்கில் வேறு எதைக் கேட்கலாகாது என்பவையே தகராறுக்கு இடமான விஷயங்கள். அமெரிக்க ஐக்கிய நாட்டு நியாய ஸ்தலங்களில் இந்தத் தகராறு எண்பது வருஷங்களுக்கு மேலாக நடந்து வந்திருக்கிறது. சங்கம் வைத்து நடத்துவோரும், சந்தா வசூலிப்போரும், பொதுக் காரியங்களில் ஈடுபட்டோர் யாவரும் அதன் சரித்திரத்தை அறிந்திருப்பது அவசியமென்று கருதுகிறோம்.

முதலில் அங்குள்ள சட்டத்தின் நிலையைக் கூறுவோம். அந்நாட்டில் ஒரு தர்ம ஸ்தாபனம் சமஷ்டி ஸர்க்காரின் வருமான வரி இலாகாவிடம் வரிவிலக்குப் பெற்றுவிட்டால் மட்டும் போதாது. ஐம்பது ராஜ்யங்களில் ஏறக்குறைய நாற்பதில், ஜனங்களிடம் நன்கொடை கேட்பதற்கு அந்தந்த ராஜ்யத்தில் தனித்தனியே பதிவு செய்துகொள்ள வேண்டும். வருஷந்தோறும் கணக்கும் அனுப்ப வேண்டும். நியூயார்க்கிலும் கலிபோர்னியாவிலும் இந்த அதிகாரம் அட்டர்னி ஜெனரலிடம் இருக்கிறது. புளோரிடாவிலோ விவசாயத்தையும் நுகர்வோர் நலனையும் கவனிக்கும் இலாகாவிடம் இருக்கிறது. நியூயார்க்கில், வருஷத்துக்கு 25,000 டாலருக்கு மேல் நன்கொடை பெறாமலும், கூலிக்கு வசூல் செய்பவரை வைத்துக்கொள்ளாமலும் இருக்கும் சங்கத்துக்கு விலக்கு உண்டு. கலிபோர்னியாவில் பொருள் கைக்கு வந்த 30 நாட்களுக்குள் பதிவு செய்துகொள்ள வேண்டுமென்பது விதி. மத ஸ்தாபனங்களுக்குப் பெரும்பாலான ராஜ்யங்கள் விலக்கு அளிக்கின்றன. ஐடஹோ, வயோமிங் போன்ற சில ராஜ்யங்களில் இத்தகைய பொதுப் பதிவு முறையே கிடையாது.

இவ்வளவு ஏற்பாடு எதற்கு என்று கேட்பார் இருக்கலாம். 2023-ம் வருஷத்தில் அந்நாட்டு ஜனங்களும் ஸ்தாபனங்களும் தர்ம காரியங்களுக்கு அளித்த தொகை சுமார் 55,700 கோடி டாலர். தேன் இருக்குமிடத்தில் எறும்பு சேராமல் இராது. 2015-ம் வருஷம் மே மாதத்தில், புற்றுநோயாளிகளின் பெயரால் வசூல் செய்த நான்கு ஸ்தாபனங்கள் மீது, சமஷ்டி வியாபாரக் கமிஷனும் ஐம்பது ராஜ்யங்களும் தலைநகரப் பிரதேசமும் ஒன்றுசேர்ந்து வழக்குத் தொடுத்தன. 2008 முதல் 2012 வரையில் அவை வசூலித்தது 18 கோடியே 70 லட்சம் டாலருக்கும் மேல். அதில் பெரும் பகுதி நடத்துவோருக்கும், அவர்களுடைய உறவினருக்கும், வசூல் கம்பெனிகளுக்கும் போய்ச் சேர்ந்தது. மோட்டார் வண்டிகளுக்கும், கப்பல் உல்லாசப் பிரயாணங்களுக்கும், கச்சேரிச் சீட்டுகளுக்குங்கூடச் செலவாயிற்று என்று வழக்கில் கூறப்பட்டது. சாகக் கிடக்கும் நோயாளியின் முகத்தைக் காட்டி வாங்கிய பணத்தில் கப்பல் சவாரி செய்தவர்களைப் பற்றி நாம் என்ன சொல்வது! இத்தகையோரைப் பிடிக்கச் சட்டம் வேண்டாமென்று எவரும் சொல்லமாட்டார்.

ஆயினும் இவ்வழக்கில் நேயர்கள் கவனிக்க வேண்டிய அம்சம் வேறொன்று உண்டு. இந்த ஸ்தாபனங்கள் பதிவு செய்யாமல் ஒளிந்து திரிந்தவை அல்ல. படிவங்களைப் பூர்த்தி செய்து, பெற்றதாகவும் கொடுத்ததாகவும் பொய்த் தொகைகளை எழுதிக் கணக்கு அனுப்பியவை. பதிவுச் சீட்டு யோக்கியதைக்கு அத்தாட்சி ஆகாது. பதிவு செய்துகொண்டது ராஜ்யத்தின் சிபாரிசு ஆகாது என்று நன்கொடைக் கடிதத்திலேயே அச்சிட வேண்டுமென்று பென்ஸில்வேனியா சட்டம் விதிப்பது இதனால்தான். பொய்க் கணக்கை நிஜக் கணக்கினின்றும் பிரித்தறியத் தக்க பரிசோதகர்கள் இல்லாத கச்சேரியில், தஸ்தாவேஜுகள் அலமாரியை நிரப்புமேயொழிய அக்கிரமத்தைத் தடுக்கமாட்டா.

இனி அதிகாரத்தின் எல்லையைப் பார்ப்போம். இவ்விஷயத்தில் 1940-ம் வருஷத்தில் சுப்ரீம் கோர்ட் அளித்த தீர்ப்பே அடிப்படையானது. கனெக்டிகட் ராஜ்யத்தில், மதத்துக்காகவோ தர்மத்துக்காகவோ பணம் கேட்க விரும்புவோர் முன்னதாக ஓர் அதிகாரியிடம் அநுமதி பெற வேண்டியிருந்தது. அவர்களுடைய காரியம் மெய்யான மத காரியந்தானா, மெய்யான தர்மந்தானா என்று அந்த அதிகாரியே தீர்மானிப்பார். யெகோவா சாட்சிகள் என்ற வகுப்பைச் சேர்ந்த கான்ட்வெல் என்பவரும் அவருடைய குமாரர் இருவரும் அநுமதியின்றி வீடு வீடாகச் சென்று புஸ்தகம் விற்று நன்கொடை கேட்டதற்காகத் தண்டிக்கப்பட்டனர். கோர்ட் அந்தத் தண்டனையை ரத்துச் செய்தது. மோசடியிலிருந்து ஜனங்களைக் காக்க ராஜ்யத்துக்கு உரிமை உண்டு. கேட்க வரும் அந்நியன் தான் யார், யாருக்காகக் கேட்கிறான் என்று காட்டச் சொல்லலாம். ஆனால் எது மதம், எது மதமல்ல என்று நிர்ணயிக்கும் அதிகாரத்தை ஓர் உத்தியோகஸ்தரிடம் ஒப்படைக்கலாகாது என்பதே அத்தீர்ப்பின் சாரம். அந்த எல்லைக்கோடு நேர்மையானது என்பதே நமது அபிப்பிராயம்.

பின்னர் ராஜ்யங்கள் வேறொரு வழியில் முயன்றன. வசூலான தொகையில் இத்தனை பங்கு தர்மத்துக்குச் செலவாகாவிடில் கேட்கவே கூடாது என்று விதித்தன. இல்லினாய் ராஜ்யத்திலுள்ள ஷாம்பர்க் என்னும் சிற்றூர் நூற்றுக்கு 75 பங்கு என்றது. அவ்விதியை 1980-ல் கோர்ட் தள்ளியது. மேரிலாந்து ராஜ்யம் வசூல் செலவு நூற்றுக்கு 25-க்கு மேற்படக்கூடாதென்றது. 1984-ல் அதுவும் தள்ளப்பட்டது. 1988-ல் வட கரோலினாவின் விதிகளுக்கும் அதே கதி நேர்ந்தது. கேள்விப்பட்ட மாத்திரத்தில் இத்தீர்ப்புகள் மோசக்காரருக்கு அநுகூலமானவைபோல் தோன்றும். சற்று யோசித்தால் அவற்றின் நியாயம் விளங்கும். அன்னதானம் செய்யும் சங்கத்தின் செலவு அரிசியாகவும் பருப்பாகவும் கணக்கில் நிற்கும். ஜனங்களுக்கு ஒரு கொள்கையை எடுத்துச் சொல்லும் சங்கத்துக்கோ வீடு வீடாகப் போய்ப் பேசுவதே வேலை. பேசுகிறவருக்குக் கொடுக்கும் சம்பளமே செலவு. புதிய கொள்கைக்கு ஆள் திரட்டுவதற்குச் செலவு அதிகமாகத்தான் ஆகும். அளவுகோலை ஒன்றாக வைத்தால், பெரியோரின் ஆதரவு பெற்ற பழைய ஸ்தாபனங்கள் பிழைக்கும். ஏழைக் கிளர்ச்சிக்காரர் வாயடைக்கப்படுவர்.

அப்படியானால் கொள்ளைக்காரன் தப்பி விடுவானோ? அவ்விதமன்று. இல்லினாய் ராஜ்யத்தில் போர் வீரர் சங்கமொன்றுக்காக டெலிபோன் மூலம் வசூலித்தவர்கள் 1987 முதல் 1995 வரையில் சுமார் 71 லட்சம் டாலர் சேர்த்து, அதில் 60 லட்சத்துக்கு மேல் தாங்களே வைத்துக்கொண்டார்கள். கொடுப்பவரிடமோ பணத்தில் பெரும் பகுதி வீரர்களுக்கே போகிறதென்று கூறியதாக ராஜ்யம் வழக்காடியது. வசூலிப்போர் அதிகம் எடுத்துக்கொள்வது மட்டும் குற்றமாகாது. ஆனால் ஜனங்களை ஏமாற்றும்படி பொய் சொன்னால் மோசடி வழக்குத் தொடரத் தடையில்லை என்று 2003-ல் சுப்ரீம் கோர்ட் ஏகமனதாகத் தீர்ப்பளித்தது. பேச்சுக்கு முன்கூட்டியே பூட்டுப் போடாதே, பொய் சொன்னவனைப் பிடித்துத் தண்டி என்பதே இதன் பொருள்.

இவை யாவற்றினும் நமது மனத்தைக் கவர்வது அலபாமா வழக்கு. கறுப்பின மக்களின் உரிமைக்காக 1909-ல் தோன்றிய தேசீயச் சங்கம் நியூயார்க்கில் ஸ்தாபிதமானது. அலபாமாவிலும் அதற்குக் கிளைகள் இருந்தன. மாண்ட்கோமரி நகரத்தில் கறுப்பின மக்கள் பஸ் பகிஷ்காரம் நடத்திவந்த 1956-ம் வருஷத்தில் அந்த ராஜ்யத்து அட்டர்னி ஜெனரல் இச்சங்கத்தின் மீது பாய்ந்தார். அவர் எடுத்த ஆயுதம் யாது? வெளி ராஜ்யத்துச் சங்கமாகிய இது நமது ராஜ்யத்தில் முறைப்படி பதிவு செய்துகொள்ளவில்லை என்பதே! வழக்கு நடக்கையில் அங்கத்தினர் பெயர்ப் பட்டியலைக் கொடு என்று உத்தரவாயிற்று. மற்றத் தஸ்தாவேஜுகளைக் கொடுக்க இசைந்த சங்கம் பட்டியலை மட்டும் கொடுக்க மறுத்தது. கொடுத்திருந்தால் பட்டியலில் கண்டவர்கள் வேலை இழக்கும் அபாயம் இருந்தது. அடி உதைக்கு ஆளாகும் அபாயமும் இருந்தது. அபராதம் 10,000 டாலரிலிருந்து 1,00,000 டாலராக உயர்ந்தது, சங்கம் அசையவில்லை. 1958-ல் சுப்ரீம் கோர்ட் அபராதத்தை ரத்துச் செய்து, சங்கம் கூடும் சுதந்திரத்தில் பெயரை மறைத்துக்கொள்ளும் உரிமையும் அடங்கும் என்று நிலைநாட்டியது. ஆனாலும் அலபாமாவில் அச்சங்கம் மீண்டும் இயங்குவதற்கு 1964-ம் வருஷத் தீர்ப்பு வரையில் காத்திருக்க நேர்ந்தது. எட்டு வருஷம்! பதிவுச் சட்டம் கொடியவன் கையில் எத்தகைய கத்தியாகும் என்பதற்கு இதைவிட வேறு சாட்சியம் வேண்டுமோ?

இந்த வழக்கின் நிழலிலேதான் 2021-ம் வருஷத்துக் கலிபோர்னியா வழக்கையும் பார்க்க வேண்டும். பதிவு பெற்ற தர்ம ஸ்தாபனங்கள், பெரும்பாலும் 5,000 டாலருக்கு மேல் கொடுத்தவர்களின் பெயரும் விலாசமும் அடங்கிய பட்டியலை அட்டர்னி ஜெனரலுக்கு அனுப்ப வேண்டுமென்று அந்த ராஜ்யம் கேட்டது. அதை இரகசியமாக வைத்திருப்பதாக வாக்களித்தது. ஆனால் சுமார் 2,000 பட்டியல்கள் கவனக் குறைவால் அந்த இலாகாவின் வலைத்தளத்திலேயே வெளியாகியிருந்தன. பெரும் பணக்காரரின் ஆதரவு பெற்ற வலதுசாரி ஸ்தாபனமொன்று வழக்குத் தொடுத்தது. கறுப்பின மக்களின் உரிமைக்காக வழக்காடும் சட்ட நிதி ஸ்தாபனமும் இவ்விஷயத்தில் அதன் பக்கமே பேசியது. ஆறு நீதிபதிகள் ராஜ்யத்தின் விதியைத் தள்ளினர், மூவர் மாறுபட்டனர்.

மாறுபட்ட மூவரின் வாதம் இலேசானதன்று. ஆபத்து உண்டென்று நிரூபித்தவருக்கு விலக்குக் கொடுத்தால் போதாதா, யாவருக்குமாக விதியையே ஏன் தள்ள வேண்டும் என்று அவர்கள் கேட்டனர். பணமூட்டைகள் தர்மமென்ற திரைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு ராஜாங்கத்தையே ஆட்டி வைக்கின்றன என்று கவலைப்படுவோரும் உளர். கவலை நியாயமானதே. தேர்தலில் இறங்கும் பணத்துக்கு வேறு சட்டம் வேண்டும். அதில் கொடுத்தவன் பெயர் பகிரங்கமாக வேண்டுமென்பதே நமது கருத்து. ஆனால் ஏதேனும் ஒரு ஸ்தாபனத்தின் மீது சந்தேகம் உண்டாகுமாயின் அதனிடம் மட்டும் தஸ்தாவேஜு கேட்டு ஸம்மன் அனுப்ப ராஜ்யத்துக்கு அதிகாரம் இருக்கிறது. ஒரு திருடனைப் பிடிக்க ஊரார் எல்லோருடைய பெட்டிச் சாவியையும் வாங்கி வைத்துக்கொள்வது முறையாகாது. மேலும், ஆபத்தை நிரூபித்த பின்பே பாதுகாப்பு என்றால், அடிபட்ட பின்பே அடிபடுவேனென்று சொல்ல முடியும்.

கடைசியாக, சிறு சங்கங்களின் கஷ்டத்தைச் சொல்ல வேண்டும். அமெரிக்காவில் வாழும் தமிழர் ஊருக்கு ஊர் சங்கம் அமைத்துப் பள்ளிக்கூடம் நடத்துகின்றனர். தாய்நாட்டில் வெள்ளமென்றும் புயலென்றும் கேட்டால் நிதி திரட்டுகின்றனர். ஒரு ராஜ்யத்தில் அமைந்த சங்கம் இணையத்தில் வேண்டுகோள் விடுத்தால் அது எல்லா ராஜ்யங்களுக்கும் எட்டுகிறது. அப்போது எங்கெங்கே பதிவு செய்வது? 2001-ல் ராஜ்யங்களின் தர்ம அதிகாரிகள் சங்கம் இதற்குச் சில வழிகாட்டு முறைகளை வகுத்தது. ஒரு ராஜ்யத்தாரைக் குறித்தே கேட்டாலும், அங்கிருந்து தொடர்ச்சியாகவோ கணிசமாகவோ பணம் வந்தாலும் பதிவு வேண்டுமென்பது அவற்றின் கருத்து. ஆனால் அவை யோசனைகளே. எல்லா ராஜ்யங்களையும் கட்டுப்படுத்தும் சட்டமல்ல. பெரிய ஸ்தாபனம் வக்கீலை வைத்து நாற்பது படிவங்களையும் நிரப்பும். மோசக்காரனும் வக்கீலை வைத்து நிரப்புவான். ஞாயிற்றுக்கிழமைகளில் கூலியின்றி உழைக்கும் உபாத்தியாயரும் குமாஸ்தாவும் நடத்தும் சங்கமே இடறி விழும். தெரியாமல் செய்த தவறுக்கு அபராதமும் கட்டும்.

ஆகையால் நாம் கூறுவது இது. நாற்பது ராஜ்யங்களும் ஒரே படிவத்தை ஏற்றுக்கொள்ளட்டும். சிறு தொகை வசூலிக்கும் சங்கங்களுக்கு நியூயார்க்கைப்போல் எங்கும் விலக்கு இருக்கட்டும். வந்தது எவ்வளவு, நோயாளிக்கும் மாணவனுக்கும் போனது எவ்வளவு, வசூல் கம்பெனி விழுங்கியது எவ்வளவு என்ற கணக்கு எவரும் காசின்றிப் பார்க்கும்படி பகிரங்கமாக இருக்கட்டும். பொய்க் கணக்கு எழுதியவன் சிறைக்குப் போகட்டும். எந்தக் காரியம் தர்மமென்று தீர்மானிக்கும் வேலையும், கொடுத்தவர் யாரென்று பட்டியல் சேர்க்கும் வேலையும் ராஜாங்கத்துக்கு வேண்டா.

நமது தேச ஊழியர்களுக்கும் ஒரு வார்த்தை. சட்டம் கேட்கும் வரையில் கணக்கைப் பூட்டி வைக்கும் சங்கம், சட்டத்தைத் தானே வருந்தி அழைக்கிறது. கேளாமலே கணக்கை ஜனங்கள் முன் வைக்கிற சங்கத்துக்குத்தான், பெயர்ப் பட்டியலைக் கேட்டு வரும் அதிகாரியின் முன் நிமிர்ந்து நின்று முடியாதென்று சொல்லும் யோக்கியதை உண்டு.