‘வயது போனால் அப்படித்தான்’ என்று விடலாமா?

வீட்டில் பெரியவர் ஒருவர் காய்ச்சலோடு படுத்திருக்கிறார். நேற்று வரை நிதானமாகப் பேசியவர், இன்று திடீரென்று முன்னுக்குப் பின் முரணாகப் பேசுகிறார். எமது ஊர்களில் இதற்கு இரண்டு தீர்ப்புகள் தயாராக இருக்கின்றன. “வயது போனால் அப்படித்தான்” என்பது ஒன்று. “ஏதோ பட்டிருக்கிறது, ஓதிப் பார்க்க வேண்டும்” என்பது மற்றது. எதைச் சொன்னாலும் முடிவு ஒன்றுதான்: வைத்தியசாலைக்குப் போக வேண்டிய நேரம் வீணாகிவிடுகிறது.

இந்த நிலை புதியதல்ல. இதைத் தமிழில் ‘சன்னி’ என்றார்கள். சிங்களத்திலும் அதே சொல் உண்டு. தென்னிலங்கையில் 18 சன்னிகளுக்கு 18 முகமூடிகள் அணிந்து ஆடும் சடங்கே இருக்கிறது. ஆனால் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே எமது மார்க்கத்தின் பேரறிஞர் இப்னு சீனா, காய்ச்சலோடு வரும் பிதற்றலை மூளையைப் பாதிக்கும் நோயாகவே தமது மருத்துவ நூலில் எழுதி வைத்தார். இன்றைய மருத்துவமும் அதையே விரிவாகச் சொல்கிறது: உடம்பில் எங்கோ ஒரு நோய் முற்றும்போது, மூளை தன் கவனத்தை இழந்து தடுமாறுகிறது.

முதுமை மறதி மாதக் கணக்கில், வருடக் கணக்கில் மெல்ல மெல்ல வருவது. சன்னி சில மணித்தியாலங்களில் அல்லது ஓரிரு நாட்களில் வந்துவிடும். காலையில் தெளிவாக இருப்பார். மஃரிபுக்குப் பின் ஆளே மாறிவிடுவார். ஒரு பேச்சைத் தொடர்ந்து கேட்க முடியாது. வாரத்தின் நாட்களைப் பின்னோக்கிச் சொல்லச் சொன்னால் பாதியில் நின்றுவிடுவார். ஒருநாளும் ரக்அத் தவறாத உம்மும்மா எத்தனை தொழுதோம் என்று தெரியாமல் நிற்பதும், நள்ளிரவில் எழுந்து ஸுப்ஹு நேரம் என்று வுழூச் செய்யப் போவதும் இதன் தொடக்கமாக இருக்கலாம்.

சத்தம் போடுபவரை எல்லோரும் கவனிப்பார்கள். ஆனால் சன்னி கண்ட பலர் சத்தமே போடுவதில்லை. பேச்சுக் குறைந்து, சாப்பாட்டைத் தள்ளிவிட்டு, கூப்பிட்டால் கண்ணைத் திறந்து திரும்பவும் மூடிக்கொள்வார்கள். “பாவம், நல்லாத் தூங்கட்டும்” என்று நாமும் கதவைச் சாத்திவிடுகிறோம். கூடிய ஆபத்து இந்த அமைதியில்தான் இருக்கிறது. ஏனென்றால் இதற்காக யாரும் வாகனம் பிடிப்பதில்லை.

காரணங்கள் பெரும்பாலும் சாதாரணமானவை: சிறுநீர்த் தொற்று, சளிக்காய்ச்சல், உடம்பில் நீர் வற்றுதல், மலச்சிக்கல், இரத்தத்தில் சோடியம் குறைதல். தூக்க மாத்திரையும், தடிமனுக்குக் கொடுக்கும் குளோர்பெனிரமினும்கூட முதியவர்களைக் குழப்பிவிடும். நீரிழிவு மருந்து எடுத்துக்கொண்டு நோன்பு நோற்பவர் திடீரென்று தடுமாறினால் சீனி குறைந்திருக்கலாம். விழுங்க முடியுமானால் உடனே இனிப்பான எதையாவது கொடுத்து நோன்பை விடச் செய்ய வேண்டும். இளையவர்களும் இதற்கு விலக்கல்லர். 2017இல் இலங்கையில் 1,86,000க்கும் அதிகமானோருக்கு டெங்கு வந்தது. டெங்குக் காய்ச்சல் இறங்கும் வேளையில் வரும் அமைதியின்மையும் சோர்வும் அபாய அறிகுறிகள். வயலில் இறங்குவோருக்கு வரும் எலிக்காய்ச்சலும் மூளையைத் தாக்கக்கூடும்.

இங்கேதான் குடும்பத்தின் பொறுப்பு வருகிறது. இரத்தப் பரிசோதனை பலவற்றைக் காட்டும். ஆனால் ‘இவர் நேற்று இப்படி இருக்கவில்லை’ என்பதை எந்தப் பரிசோதனையும் சொல்லாது. முதன்முதலாக அவரைக் காணும் வைத்தியருக்கு, எழுபத்தைந்து வயதில் ஒருவர் பிதற்றினால் அது பழைய மறதியாகவே தோன்றலாம். எமது மாத்தளையில் மொழியும் குறுக்கே நிற்கிறது. தாதி சிங்களத்தில் கேட்கும் கேள்விக்கு உம்மும்மா பதில் சொல்லாவிட்டால், அது மொழி தெரியாததாலா, காது கேளாததாலா, குழப்பத்தாலா? அதைச் சொல்லக்கூடியவர் பக்கத்தில் நிற்கும் மகளோ பேத்தியோதான். பல வீடுகளில் சிங்களம் பேசத் தெரிந்தவர் பாடசாலை செல்லும் பிள்ளையாகவே இருக்கிறார். எப்போது தொடங்கியது, எந்த நேரத்தில் கூடுகிறது, என்னென்ன மாத்திரைகள் எடுக்கிறார் என்ற மூன்றையும் ஒரு தாளில் எழுதிக்கொண்டு போவோம். தெளிவாக வாய்விட்டும் சொல்வோம்: “இது இவரது வழமை இல்லை.”

இந்த இடத்தில் வைத்தியசாலைகளிடமும் ஒரு வேண்டுகோள் உண்டு. குழப்பத்தில் இருக்கும் முதியவரோடு, பார்வையாளர் நேரம் முடிந்த பின்னும் வீட்டார் ஒருவர் தங்க இடமளிக்க வேண்டும். அமெரிக்காவில் 70 வயதுக்கு மேற்பட்ட 852 நோயாளிகளிடம் செய்யப்பட்டு 1999இல் வெளிவந்த ஓர் ஆய்வு, எளிய கவனிப்பின் பயனைக் காட்டியது. கண்ணாடியையும் காதுக் கருவியையும் கொடுத்தல், தண்ணீர் பருகச் செய்தல், நாளையும் இடத்தையும் நினைவூட்டல், எழுந்து நடக்க வைத்தல், இரவில் தூங்க விடுதல் ஆகியவையே அந்தக் கவனிப்பு. வழமையான பராமரிப்பில் நூற்றுக்கு 15 பேருக்கு வந்த சன்னி, இக்கவனிப்பைப் பெற்றவர்களில் ஏறத்தாழ 10 பேருக்கே வந்தது. இவற்றில் பெரும்பாலானவை ஒரு மகளால் செய்யக்கூடியவையே.

வெட்கம் என்ற இன்னொரு தடையும் இருக்கிறது. ஆயுள் முழுக்கக் கண்ணியமாக வாழ்ந்தவர் சன்னியில் கூடாத வார்த்தை பேசலாம். சொந்த மகளைத் திருடி என்று சொல்லலாம். அயலார் கேட்டுவிடுவார்கள் என்று நாம் கதவை மூடுகிறோம். புத்தி தடுமாறிய நிலையில் இருப்பவர் மீது குற்றம் எழுதப்படுவதில்லை என்று எமது மார்க்கம் கற்பிக்கிறது. அல்லாஹ் கணக்கெடுக்காத வார்த்தைகளை நாம் ஏன் மானப் பிரச்சினையாக்க வேண்டும்?

ஓதிப் பார்ப்பதை நான் குறை சொல்லவில்லை. துஆ முஃமினின் ஆயுதம். ஆனால் மருத்துவம் செய்துகொள்ளும்படி ஏவியவர்களும் நபி (ஸல்) அவர்களே. ஓதுவது முதலில், வைத்தியசாலை பிறகு என்று வரிசை வைப்பதுதான் பிழை. வாகனத்திலும் ஓதலாம்.

தோழிகளே, பெற்றோர்களே! நோயாளியின் பேச்சோ போக்கோ சடுதியாக மாறினால், விடியட்டும் என்று காத்திருக்காதீர்கள். 1990 என்ற இலக்கத்துக்கு அழைத்தால் சுவசெரிய அம்புலன்ஸ் இலவசமாக வரும். காரணத்தைக் கண்டு சிகிச்சை செய்தால் பலர் தெளிவடைகிறார்கள். சிலருக்கு நாட்களும் வாரங்களும் எடுக்கலாம். அதுவரை அவரோடு வாதாடாமல், கையைப் பிடித்து, நாம் யார் என்று ஒவ்வொரு முறையும் பொறுமையாகச் சொல்லிக்கொண்டிருப்போம்.