தலைகுனிந்து படிக்கும் கல்

வெளியூரார் வந்தால் எந்த நகரமும் தன் பெருமையைத்தான் காட்டும். பெர்லின் நகரமோ தன் பாவத்தையும் காட்டுகிறது. அந்நகரின் யூத வரலாற்றை வழிகாட்டியுடன் நடந்தே காணும் சுற்றுலாக்கள் அங்கே உண்டு.

1933-இல் பெர்லினில் ஏறத்தாழ 1,60,000 யூதர்கள் வாழ்ந்தனர். அவர்களுள் 50,000-க்கும் மேற்பட்டோரை நாஜிகள் கொன்றனர். கொல்லப்பட்ட ஐரோப்பிய யூதர் அனைவருக்குமாக, 2,711 கான்கிரீட் பாளங்கள் கொண்ட நினைவிடம் அங்கே 2005-இல் திறக்கப்பட்டது. அப்பாளங்களில் ஒரு பெயரும் இல்லை.

அதைப் பார்த்ததோடு திரும்புவது போதாது என்பேன். வீட்டு வாசல்களின் எதிரே, நடைபாதையில், குந்தர் டெம்னிக் என்னும் கலைஞர் 1996 முதல் அந்நகரில் பதிக்கத் தொடங்கிய சிறு கற்களையும் காண வேண்டும். மேலே பித்தளைத் தகடு. அதில் 'இங்கே வாழ்ந்தார்' என்று தொடங்கி, பெயர், பிறந்த ஆண்டு, நேர்ந்த முடிவு. தலைகுனியாமல் அதைப் படிக்க இயலாது.

மிதிபடும் இடத்திலா பெயர் என்று வருந்துவோரும் உண்டு. மியூனிக் நகரசபை பொது நடைபாதையில் இக்கற்களை அனுமதிக்கவில்லை. அவ்வருத்தம் நியாயமே. ஆயினும் எண்ணிக்கை நம்மைத் திகைக்க வைக்கும். பெயர்தான் கலங்க வைக்கும். அண்டை வீட்டார் பார்த்திருக்க ஒரு குடும்பம் இழுத்துச் செல்லப்பட்டது இந்த வாசலிலிருந்துதான் என்று அறியும்போது, நாமும் யாருக்கோ அண்டை வீட்டார்தாமே என்ற எண்ணம் எழாதா?