அம்மா கிடைச்சாச்சு... டி.என்.ஏ டெஸ்ட் எடுத்தாச்சா?

குழந்தையிலேயே தத்துக் கொடுக்கப்பட்ட ஒருவர், 30 வருஷம் கழிச்சு அம்மாவைக் கட்டிப்பிடிச்சு அழுற வீடியோ வந்தா, யாருக்குத்தான் கண் கலங்காது? ஆனா, அந்த அழுகைக்கு முன்னாடி டி.வி குழு என்ன வேலை பார்த்தது என்பதுதான் முக்கியம். அதில் கோட்டை விட்டால் என்ன ஆகும் என்பதற்கு உதாரணம், நெதர்லாந்தின் 'ஸ்போர்லோஸ்'.

பிரிந்த சொந்தங்களைத் தேடிச் சேர்த்துவைக்கும் இந்த நிகழ்ச்சி 1990-ல் தொடங்கியது. பிரிட்டனில் 2011 முதல் வரும் 'லாங் லாஸ்ட் ஃபேமிலி'க்கு இதுதான் முன்னோடி. 2022-ல் இன்னொரு டி.வி பத்திரிகையாளர் குண்டைத் தூக்கிப்போட்டார். கொலம்பியாவில் இந்த நிகழ்ச்சி கண்டுபிடித்துக் கொடுத்த சில குடும்பங்கள், டி.என்.ஏ பரிசோதனையில் ரத்த சொந்தமே இல்லை எனத் தெரியவந்தது. அம்மா என்று நம்பியவர் அம்மாவே இல்லை. அதைக் கேட்ட பிள்ளைக்கு, இரண்டாவது முறையும் தாயை இழந்த மாதிரி!

பேப்பர் பொய் சொல்லும்

தத்து ஆவணத்தில் அம்மா பெயர், ஊர் எல்லாம் இருக்குமே, அப்புறம் எப்படித் தப்பாகும்? இலங்கையைப் பாருங்க. 1980-களில் அங்கிருந்து ஆயிரக்கணக்கான குழந்தைகள் ஐரோப்பாவுக்குத் தத்துக் கொடுக்கப்பட்டார்கள். பணம் வாங்கிக்கொண்டு 'அம்மா'வாக நடித்த பெண்கள் குழந்தையை ஒப்படைத்ததையும், ஆவணங்கள் போலியாகத் தயாரானதையும் 2017-ல் 'செம்ப்லா' என்ற டச்சு புலனாய்வு நிகழ்ச்சி வெளிக்கொண்டுவந்தது. இலங்கை, கொலம்பியா உட்பட ஐந்து நாடுகளில் நடந்த முறைகேடுகளை 2021-ல் ஒரு விசாரணைக் குழு அறிக்கையாகத் தர, வெளிநாட்டுத் தத்தெடுப்பையே நெதர்லாந்து அரசு அப்போது நிறுத்திவைத்தது. பொய்யான பேப்பரைப் பிடிச்சுக்கிட்டு தேடினா, பொய்யான வீட்டு வாசல்லதான் போய் நிப்போம்.

அன்னைக்கு மட்டும் எப்படி முடிஞ்சது?

தென்கொரியாவின் கே.பி.எஸ் சேனல், போரில் பிரிந்த குடும்பங்களுக்காக 1983-ல் 138 நாள்களில் 453 மணி நேரம் நேரலை நடத்தி, 10,000-க்கும் மேற்பட்ட குடும்பங்களைச் சேர்த்துவைத்தது. டி.என்.ஏ டெஸ்ட் வராத காலம். ஆனால், அங்கே இரண்டு பக்கமும் தேடினார்கள். ஊர்ப் பெயர், தழும்பு, சின்ன வயது சம்பவம் என ஒருவர் நினைவை இன்னொருவர் நினைவோடு ஒப்பிட முடிந்தது. கைக்குழந்தையாகப் போனவருக்கு அப்படி என்ன நினைவு இருக்கும்? அதனால்தான் இவர்கள் விஷயத்தில் டி.என்.ஏ கட்டாயம்.

இன்னொண்ணும் இருக்கு. தேடப்படும் அம்மா, அந்தப் பிரசவத்தைக் கணவரிடம்கூடச் சொல்லாமல் வாழ்பவராக இருக்கலாம். கேமராவோடு போய்க் கதவைத் தட்டினால் அவர் எப்படி 'வேண்டாம்' என்பார்? முதலில் ரகசியமாக ஒரு கடிதம், அவர் சம்மதித்தால் எச்சில் மாதிரி, ரிசல்ட் வந்த பிறகு கேமரா... இதுதான் சரியான வரிசை. என்ன, எபிசோடு சில வாரம் லேட்டாகும். 30 வருஷம் காத்திருந்தவருக்கு அது பெரிய விஷயமில்லை. அவசரம் சேனலுக்குத்தான்.